நமத்துப்போன இத்தாலியன் கிராக்கர்: ஒரு சமையலறை நிகழ்வு ஆய்வு

ஒரு பெட்டி சால்டின் கிராக்கர் (மெல்லிய உப்பு பிஸ்கட்), ஒரு கப் எண்ணெய், சாலடுக்குக் கலக்கும் இத்தாலியன் டிரெஸ்ஸிங் பொடி ஒரு பாக்கெட், கொஞ்சம் சில்லி ஃபிளேக்ஸ். எல்லாவற்றையும் பெரிய ஜிப் பையில் போட்டுப் புரட்டி, ஊறவிட்டு, 250 டிகிரி ஃபாரன்ஹீட் (சுமார் 120 செல்சியஸ்) ஓவனில் கால் மணி நேரம் வைத்து எடுத்தால் வேலை முடிந்தது. அமெரிக்கத் தென்மாநிலங்களில் ரான்ச் என்ற இன்னொரு வகை டிரெஸ்ஸிங் பொடி போட்டுச் செய்வதை ஃபயர் கிராக்கர் என்பார்கள். ரான்ச்சுக்குப் பதில் இத்தாலியன் பொடி போட்டால் நாம் பேசப்போகும் இத்தாலியன் கிராக்கர். அமெரிக்கக் கால்பந்தின் இறுதி ஆட்டம் நடக்கும் சூப்பர் பௌல் ஞாயிறு, ஆளுக்கொரு பதார்த்தம் கொண்டுவரும் அக்கம்பக்கத்து பாட்லக் விருந்து என்று எங்கே போனாலும் மேசையில் ஒரு கிண்ணம் இருக்கும். சமைக்கவே தெரியாதவரும் செய்யலாம், கெட்டுப்போக வழியே இல்லை என்று அதற்கு ஒரு நல்ல பெயர் உண்டு.

அந்தப் பெயரை நியூ ஜெர்சியில் என் அண்ணி ஒரே ராத்திரியில் கெடுத்துவிட்டார். எப்படிக் கெட்டது, ஏன் கெட்டது, பிறகு எப்படிச் சரியானது என்பதைக் கொஞ்சம் பொறுமையாகப் பிரித்துப் பார்த்தேன். இந்தப் பதார்த்தம் உண்மையில் எப்படி வேலை செய்கிறது என்பது சரியாக வந்த தட்டைவிடக் கெட்டுப்போன தட்டில்தான் நன்றாகத் தெரிந்தது.

நடந்தது என்ன

அண்ணி நல்ல சமையல்காரர். சிக்கல் அங்கேதான் ஆரம்பித்தது. பாக்கெட் பொடியைப் பார்த்ததும் அவருக்கு மனசு ஒப்பவில்லை. "பொடியைக் கொட்டிக் குலுக்குறதுக்குப் பேரு சமையலா தம்பி?" என்று பிறகு என்னிடமே கேட்டார். பாதிப் பாக்கெட்டோடு நிறுத்திவிட்டு, மீதிக்கு எல்லாவற்றையும் புதிதாகச் சேர்த்திருக்கிறார்: ஒரு கைப்பிடி பச்சை பேசில் (இத்தாலியச் சமையலின் துளசி வகை) இலை, 20 கிராம் இருக்கும், பொடியாக நறுக்கியது. நான்கு பெரிய பல் பூண்டு, நசுக்கியது. இரண்டு மேசைக்கரண்டி எலுமிச்சைச் சாறு. கட்டியாக வாங்கிய பார்மசான் சீஸைத் துருவியது அரை கப். எண்ணெய் முழுக்க எக்ஸ்ட்ரா வர்ஜின் ஆலிவ், ஒரு கப். கிராக்கர் 454 கிராம், அதாவது ஒரு முழுப் பெட்டி.

சூப்பர் பௌலுக்கு முந்தின சனிக்கிழமை ராத்திரி பையை மூடி மேசைமேலேயே வைத்துவிட்டார். ஞாயிறு காலை திறந்தால் எல்லாம் நமத்துப்போயிருந்தது. ஓவனில் வைத்தால் சரியாகிவிடும் என்று 250இல் வைத்தார். ஆகவில்லை. பொறுமை போய் 350க்கு ஏற்றினார். பூண்டும் இலையும் கருகின, சீஸ் ஓரங்களில் பழுப்பேறிக் கசந்தது. கிராக்கரின் நடு மட்டும் அப்படியே மெத்தென்று இருந்தது.

நான் போய்ச் சேர்ந்தபோது தட்டு அடுப்புமேல் இருந்தது. ஒன்றை எடுத்து இரண்டு கையாலும் பிடித்து உடைத்துப் பார்த்தேன். ஓரம் பொடிந்தது, நடு வளைந்தது. பேசில் துணுக்கு ஒட்டியிருந்த இடங்களில் அதைச் சுற்றி வெளிறிய ஈர வட்டம் தெரிந்தது, துணுக்கே இல்லாத மூலை சுமாராக மொறுமொறுவென்று இருந்தது. ஜிப் பையைக் கழுவாமல் வைத்திருந்தார், நல்லதாகப் போயிற்று. அதன் அடியில் எண்ணெயோடு சேர்ந்து வெள்ளையாக நறநறவென்று ஒரு படிவு. தொட்டு நக்கிப் பார்த்தால் உப்பும் சர்க்கரையும். இந்த இரண்டு தடயங்களும் இரண்டு தனித்தனிக் குற்றங்களுடையவை.

காற்றா, தண்ணீரா

நொறுக்குத்தீனி நமத்தால் நாம் முதலில் காற்றைத்தான் பிடிப்போம். டப்பாவைச் சரியாக மூடவில்லை என்று யாரையாவது திட்டுவோம். இங்கே அந்தக் குற்றச்சாட்டு நிற்காது. நியூ ஜெர்சியின் பிப்ரவரியில், ஹீட்டர் ஓடும் வீட்டுக்குள், காற்றின் ஈரப்பதம் 20, 30 சதவீதத்தில்தான் இருக்கும். உதடு வெடிக்கிற வறட்சி. அதே மேசையில் ஒரு கிராக்கர் உறை பாதி பிரிந்த நிலையில் ராத்திரி முழுக்கக் கிடந்தது. அதிலிருந்து ஒன்றை எடுத்துக் கடித்தேன். சத்தம் அடுத்த அறைக்குக் கேட்டது.

ஆக, ஈரம் உள்ளே இருந்தே வந்திருக்கிறது. கணக்குப் போட்டால் புரியும். சால்டின் கிராக்கரில் இயல்பாக இருக்கும் நீர் சுமார் 3 சதவீதம். 454 கிராமுக்கு 14 கிராம் என்று வைத்துக்கொள்வோம். அண்ணி சேர்த்த எலுமிச்சைச் சாறு 30 மில்லி, அதில் பத்தில் ஒன்பது பங்கு தண்ணீர். பேசில் இலையும் அப்படித்தான். பூண்டில் பாதிக்கு மேல் தண்ணீர். எல்லாம் சேர்ந்து 50 கிராமைத் தொடும். சீஸைக் கணக்கில் எடுக்கவே இல்லை. கட்டிப் பார்மசானில் கிட்டத்தட்ட 30 சதவீதம் நீர் உண்டு. ஓவனில் பாதி ஆவியானதாகவே வைத்தாலும் கிராக்கரின் ஈரம் 8 சதவீதத்துக்குப் போய்விடுகிறது.

அந்த அளவு போதும், மொறுமொறுப்பு காலி. காய்ந்த நிலையில் கிராக்கரின் மாவுச்சத்தும் புரதமும் கண்ணாடி மாதிரி இறுகிய நிலையில் இருக்கின்றன. அழுத்தினால் வளையாமல் உடையும், அந்த உடைவின் சத்தத்தைத்தான் நாம் மொறுமொறுப்பு என்கிறோம். நீர் மூலக்கூறுகள் இடையில் புகுந்ததும் அந்த இறுக்கம் தளர்ந்து ரப்பர் நிலைக்கு வந்துவிடும். ஏழு எட்டு சதவீத ஈரத்தில் கிராக்கர் ஏற்கெனவே அந்தப் பக்கம் போய்விட்டிருக்கும்.

"எண்ணெய்தான் சுத்தி இருக்கே, தண்ணி எப்படி உள்ள போகும்?" என்றார் அண்ணி. நியாயமான கேள்வி. எண்ணெய் தண்ணீரைத் தன்னிடம் வைத்துக்கொள்ளாது. சாற்றின் சிறு துளிகள் எண்ணெய்க்குள் மிதந்து அலையும், மாவுச்சத்தைத் தொட்டதும் அது உறிஞ்சிக்கொள்ளும். போதாததற்குப் பொடியில் உள்ள உப்பு, இலையிலும் பூண்டிலும் இருக்கும் நீரை வெளியே இழுத்துவிடுகிறது. ராத்திரி முழுக்க அவகாசம் வேறு. பேசில் துணுக்கைச் சுற்றி இருந்த ஈர வட்டத்துக்குக் காரணம் இதுதான்.

அடியில் தங்கிய உப்பு

இரண்டாவது தடயம் எனக்கு இன்னும் சுவாரசியமாகப் பட்டது. ஏனென்றால் இது அண்ணியின் தட்டில் மட்டும் நடப்பதில்லை. பாக்கெட் முறைப்படி ஒழுங்காகச் செய்பவர்களுக்கும் நடக்கிறது, யாரும் கவனிப்பதில்லை. மேலே இருக்கும் கிராக்கர் சப்பென்று இருக்கும், அடியில் இருப்பது கரிக்கும். சரியாகப் புரட்டவில்லை என்று நினைத்துக்கொள்வோம்.

புரட்டுவது மட்டும் காரணமில்லை. அந்தப் பொடி எதற்காகத் தயாரிக்கப்பட்டது என்று பாருங்கள். வினிகர், தண்ணீர், எண்ணெய் மூன்றையும் சேர்த்துக் குலுக்கி சாலடுக்கு ஊற்றுவதற்கு. உப்பும் சர்க்கரையும் வினிகரில் கரையும், சாந்தன் கம் தண்ணீரில் ஊறிக் கெட்டியாகி எல்லாவற்றையும் தாங்கிப் பிடிக்கும். பாக்கெட் முறைக் கிராக்கர் பையில் தண்ணீரும் இல்லை, வினிகரும் இல்லை (அண்ணியின் பையில் இருந்த தண்ணீரைக் கிராக்கரே குடித்துவிட்டது). உப்பு கரையாது, சர்க்கரை கரையாது, கம் சும்மா மாவாகக் கிடக்கும். மூன்றும் எண்ணெயைவிடக் கனம், அடியில் போய்த் தங்குகின்றன.

ஆனால் அதே எண்ணெய் வேறு சிலவற்றை அள்ளிக்கொண்டு போகிறது. ஆரிகானோவின் காரமான வாசனைக்குக் காரணமான கார்வக்ரால், மிளகாயின் கேப்சைசின், ரோஸ்மேரியின் பிசின் வாசம், சோம்பின் இனிப்பு வாசம் எல்லாம் எண்ணெயில் கரைபவை. தாளிப்பில் நாம் நம்பியிருக்கிற அதே வேலை. ஆகவே கிராக்கரின் உள்ளே போவது வாசனையும் காரமும். உப்பு, புளிப்பு, சீஸின் சுவை ஆகியவை என்ன செய்தாலும் மேல்பூச்சாகத்தான் நிற்கும். இதை ஒப்புக்கொண்டு, உள்ளே போகவேண்டியதை முதலிலும் மேலே நிற்கவேண்டியதைக் கடைசியிலும் போட்டால் பாதிச் சிக்கல் தீர்ந்துவிடும். எல்லாவற்றையும் ஒரே நேரத்தில் பையில் கொட்டச் சொல்வதுதான் இந்தப் பதார்த்தத்தின் பிறவிக் குறை என்பது என் கருத்து.

எண்ணெய் உள்ளே போவதற்கு சால்டின் நல்ல இடம். ஈஸ்ட் போட்ட மாவை ஒரு நாளை நெருங்கும் அளவு புளிக்கவிட்டு, பிறகு பேக்கிங் சோடா சேர்த்து, மடித்து மடித்துத் தட்டி, துளைகள் குத்திச் சுடுகிறார்கள். உடைத்துப் பார்த்தால் அடுக்கடுக்காக இடைவெளி. ரிட்ஸ் மாதிரியான கிராக்கரில் கொழுப்பு ஏற்கெனவே நிறைய இருக்கிறது, மேலும் எண்ணெய் ஊற்றினால் பிசுபிசுக்கும். குட்டிக் குட்டியாக உப்பிய ஆய்ஸ்டர் கிராக்கர் பரவாயில்லை. பெயரில் சிப்பி இருந்தாலும் உள்ளே சிப்பி கிடையாது, சூப்பில் போட்டுச் சாப்பிடுவது அது.

இங்கேயே இன்னொன்று. "பொரிக்கலையே, பேக் பண்ணினதுதானே" என்று குழந்தைகளுக்கு அள்ளிக் கொடுப்பவர்கள் ஒரு நிமிடம் நிற்கவும். ஒரு கப் எண்ணெய் சுமார் 218 கிராம். கிராக்கரில் ஏற்கெனவே இருக்கும் கொழுப்பையும் சேர்த்தால், முடிவில் எடையில் சுமார் 38 சதவீதம் கொழுப்பு. கடையில் வாங்கும் உருளைக்கிழங்கு சிப்ஸும் கிட்டத்தட்ட அதே அளவுதான். ஒன்றரைக் கப் ஊற்றச் சொல்லும் குறிப்புகளும் உலவுகின்றன. அதில் கிட்டத்தட்டப் பாதி கொழுப்பு.

இத்தாலியன் என்றால் எந்த இத்தாலி

அண்ணியின் பச்சை பேசிலுக்குப் பின்னால் ஒரு எண்ணம் இருந்தது: இத்தாலியச் சுவை என்றால் இத்தாலியில் செய்வதுபோல் புதிதாகச் செய்யவேண்டும். ஆனால் இந்தப் பதார்த்தத்தின் இத்தாலி அமெரிக்காவில் உருவானது. இத்தாலியில் சாலடுக்கு எண்ணெய், வினிகர், உப்பு என்று மேசையிலேயே ஊற்றிக் கலப்பார்கள், பாட்டிலில் ஆரிகானோ மிதக்கும் டிரெஸ்ஸிங் அங்கே வழக்கமில்லை. அதைப் பிரபலமாக்கியவர்களில் ஒருவர் கேன்சஸ் சிட்டியில் விஷ்போன் என்ற உணவகத்தை 1945இல் தொடங்கிய பிலிப் சொலாமி. சிசிலியிலிருந்து வந்த அவருடைய அம்மாவின் குடும்பப் பக்குவத்தை 1948இல் உணவகத்தில் பரிமாற ஆரம்பித்தார். வாடிக்கையாளர்கள் பாட்டிலில் கேட்டார்கள். 1957இல் லிப்டன் அந்த பிராண்டை வாங்கியது. அமெரிக்காவுக்குக் குடிபெயர்ந்த இத்தாலியர்களில் பெரும்பாலோர் சிசிலி, நேப்பிள்ஸ், கலாப்ரியா பக்கத்துத் தென்னாட்டுக்காரர்கள். ஆரிகானோ, பூண்டு, மிளகாய் என்ற மும்மூர்த்தி அவர்கள் வீட்டு அடுக்களை வழியாக வந்தது.

அந்த மூன்றும் காய்ந்தால் கெடாதவை என்பது முக்கியம். ஆரிகானோ காய்ந்த பிறகுதான் நன்றாக மணக்கிறது, ஏனென்றால் அதன் வாசப்பொருள் எளிதில் பறந்துபோகாது. பேசில் நேர் எதிர். அதன் வாசனை லேசானது, உலரும்போதே பாதி போய்விடும், ஓவனில் மீதி. பச்சையாகப் போட்டால் தண்ணீர், காயவைத்துப் போட்டால் வைக்கோல். இந்தக் கிராக்கரைப் பொறுத்தவரை பேசில் இரண்டு வழியிலும் தோற்கிறது.

அசல் இத்தாலியப் பாணியில் செய்ய ஆசைப்படுபவர்களுக்கு வேறு பாதை இருக்கிறது, தராலி. பூலியா பகுதியின் சின்ன வளைய நொறுக்குத்தீனி. மைதா அரைக் கிலோவுக்கு ஆலிவ் எண்ணெய் 125 கிராம், வெள்ளை ஒயின் 200 மில்லி, உப்பு, சோம்பு. பிசைந்து, உருட்டி, வளையமாக ஒட்டி, கொதிநீரில் போட்டு மிதந்து வந்ததும் எடுத்து, துணியில் ஆறவிட்டு, பிறகு சுடுவார்கள். கொதிநீர் மேல்பரப்பு மாவை வேகவைத்துவிடுவதால் பளபளப்பும் கெட்டியான கரகரப்பும் வரும். எண்ணெயும் மசாலாவும் மாவிலேயே சேர்ந்துவிடுவதால் உப்பு அடியில் தங்கும் பேச்சே இல்லை. ஆனால் அது அரைநாள் வேலை. விருந்தாளி வர நாலு மணி நேரம் இருக்கும் வீட்டில் தராலியைப் பற்றிப் பேசினால் அடிதான் விழும். பேசாமல் இருந்துவிட்டேன்.

பூண்டு எண்ணெய் பாட்டில்

கிராக்கரைவிட என்னை அதிகம் கலவரப்படுத்தியது அடுப்புக்குப் பக்கத்தில் நின்ற ஒரு சின்ன பாட்டில். நசுக்கிய பூண்டில் மீந்ததை ஆலிவ் எண்ணெயில் போட்டு, பாஸ்தாவுக்கு ஆகும் என்று அண்ணி வெளியிலேயே வைத்திருந்தார். "வீணாக்குவானேன்?" என்றார்.

பச்சைப் பூண்டு மண்ணில் விளைவது. அதில் கிளாஸ்ட்ரிடியம் பாட்டுலினம் என்ற கிருமியின் வித்துகள் இருக்கலாம். சாதாரணமாக ஒன்றும் செய்யாது. எண்ணெய்க்குள் காற்று இல்லை, பூண்டில் புளிப்பு இல்லை, சமையலறை வெப்பமும் கூடச் சேர்ந்தால் அது முளைத்து நஞ்சை உண்டாக்கும். நிறமோ வாசனையோ மாறவேண்டிய அவசியமே இல்லை. 1985இல் கனடாவின் வான்கூவரில் ஒரு உணவகத்தில் குளிர்ப்பெட்டியில் வைக்காத பூண்டு எண்ணெயால் 36 பேருக்கு பாட்டுலிசம் என்ற அந்த நச்சுநோய் வந்தது. 1989இல் நியூயார்க் மாநிலம் கிங்ஸ்டனில் மூன்று பேருக்கு. அதன் பிறகுதான் கடையில் விற்கும் பூண்டு எண்ணெயில் அமிலமோ கிருமி வளர்ச்சியைத் தடுக்கும் பொருளோ சேர்க்கவேண்டும் என்று அமெரிக்க உணவு, மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பான எஃப்டிஏ கட்டாயப்படுத்தியது.

கிராக்கரில் ஒட்டிய பூண்டு ஓவனில் காய்ந்துவிட்டால் அபாயம் குறைவு. ஆனால் பச்சைப் பூண்டும் எண்ணெயுமாக ராத்திரி முழுக்க வெளியில் ஊறவைக்கும் பழக்கம் வேண்டாம். பாட்டிலை நானே குப்பையில் போட்டேன். அண்ணி முகத்தைச் சுளித்தார், தடுக்கவில்லை. உலர்ந்த பூண்டுத் தூளில் ஈரம் மிகக் குறைவு என்பதால் இந்தக் கவலை வராது. தூள் போடுவதைச் சோம்பேறித்தனம் என்று நினைத்தவருக்கு இது ஒரு சமாதானம்.

திருத்திச் செய்தது

இன்னொரு பெட்டி சால்டின் வீட்டில் இருந்தது. பாக்கெட் பொடியை அப்படியே போடுவதில்லை என்று முடிவெடுத்தோம், அண்ணியின் தன்மானத்துக்கும் அது சரிப்பட்டது.

எண்ணெய் மூன்றில் இரண்டு பங்கு கப், சுமார் 160 மில்லி. ஆலிவ் பாதி, கனோலா பாதி. முழு எக்ஸ்ட்ரா வர்ஜின் போட்டால் அதன் கசப்பு மற்ற எல்லாவற்றையும் மூடிவிடும். அதைச் சின்ன சாஸ்பேனில் கை பொறுக்காத சூடுவரை மட்டும் காய்ச்சி இறக்கி, ஆரிகானோ இரண்டு டீஸ்பூன், கையால் கசக்கிய காய்ந்த ரோஸ்மேரி ஒன்று, கொரகொரப்பாக இடித்த சோம்பு ஒன்று, சில்லி ஃபிளேக்ஸ் ஒன்றரை, வெங்காயத் தூள் ஒன்று என்று போட்டுக் கால் மணி நேரம் மூடிவைத்தோம். எண்ணெய் பொன்னிறத்திலிருந்து லேசான செம்பழுப்புக்கு மாறியபோது அடுக்களை முழுக்கப் பீட்சா கடை வாசனை. சோம்பு எதற்கு என்று கேட்காதீர்கள், இத்தாலியன் சாசேஜின் வாசமே அதுதான். ரோஸ்மேரிக்கு இன்னொரு வேலையும் உண்டு. அதிலுள்ள கார்னோசிக் அமிலம் எண்ணெய் சிக்கு வாடை அடிப்பதைத் தள்ளிப்போடும். உணவுத் தொழிற்சாலைகள் ரோஸ்மேரிச் சாரத்தை இதற்காகவே வாங்குகின்றன.

அடுத்த மாற்றம் வரிசையில். கிராக்கரைத் தட்டில் பரப்பி 250 டிகிரி ஓவனில் பத்து நிமிடம் வெறுமனே சூடாக்கினோம். பிறகு எண்ணெயை இரண்டு தவணையாக ஊற்றி, பையில் போட்டுக் குலுக்காமல், பெரிய கிண்ணத்தில் அகலமான கரண்டியால் அடியிலிருந்து புரட்டினோம். சூடான கிராக்கரின் இடைவெளிகளில் இருக்கும் காற்று ஆறும்போது சுருங்கும், அந்த இடத்துக்கு எண்ணெய் இழுபடும். பொரித்த பண்டத்தில்கூட எண்ணெயின் பெரும்பகுதி சட்டியில் இருக்கும்போது ஏறுவதில்லை, வெளியே எடுத்து ஆறும்போதுதான் ஏறுகிறது. இது தெரிந்துவிட்டால் ராத்திரி முழுக்க ஊறவைக்கவேண்டியதில்லை. மறுபடி ஓவனில் அதே 250இல் இருபது நிமிடம், நடுவில் ஒரு தடவை புரட்டல். வெப்பத்தை ஏற்ற அண்ணியின் கை இரண்டு தடவை குமிழ்வரை போனது.

மேல்பூச்சு கடைசியில். உப்பு அரை டீஸ்பூன், பூண்டுத் தூள் ஒன்று, எலுமிச்சை உப்பு (சிட்ரிக் அமிலத் தூள்) கால். மூன்றையும் மிக்ஸியில் மாவாக அரைத்தோம். கல் கல்லாக இருந்தால் உருண்டு கீழே போகும், மாவாக இருந்தால் எண்ணெய்ப் பசையில் ஒட்டும். எலுமிச்சைச் சாற்றின் புளிப்பைத் தண்ணீரே இல்லாமல் கொடுப்பது எலுமிச்சை உப்பு. பூண்டுத் தூளைக் கடைசிக்கு வைத்ததற்கும் காரணம் உண்டு: அதன் காட்டம் ஈரம் பட்டால்தான் விழிக்கும். எண்ணெயில் தூங்கிக் கிடக்கும், நாக்கில் எச்சில் பட்டதும் எழுந்துகொள்ளும்.

சீஸ் விஷயத்தில் ஒரு தடங்கல். அண்ணியின் அம்மா சைவம். பார்மிஜானோ ரெஜ்ஜானோ என்ற அசல் பெயரோடு வரும் சீஸில் பாலைத் திரிக்கக் கன்றுக்குட்டியின் வயிற்றிலிருந்து எடுக்கும் ரென்னெட்டைத்தான் பயன்படுத்தவேண்டும் என்பது அதன் விதி. முதல் தட்டில் போட்டது அந்த வகை. அத்தை அதுவரை எத்தனையோ பீட்சா சாப்பிட்டிருக்கிறார், அந்த விவாதத்தை யாரும் ஆரம்பிக்கவில்லை. நுண்ணுயிர் ரென்னெட் என்று லேபிளில் போட்ட பார்மசான் அமெரிக்கக் கடைகளில் தாராளமாகக் கிடைக்கும். அண்ணன் போய் வாங்கிவந்தார். துருவி, தட்டில் மெல்லிசாகப் பரப்பி, அணைத்த ஓவனின் மிச்சச் சூட்டில் உலர்த்தி, கையால் பொடித்து, கிராக்கர் வெதுவெதுப்பாக இருக்கும்போதே உப்புத் தூளோடு சேர்த்துத் தூவினோம்.

பிறகு மூடாமல் முழுக்க ஆறவிட்டது. கிராக்கர் மேலே ஆறியதுபோல் இருக்கும், குவியலின் நடுவில் சூடு நிற்கும். அந்த நிலையில் டப்பாவில் அடைத்தால் ஆவி மூடியில் வேர்த்துத் திரும்பக் கிராக்கர்மேலேயே சொட்டும்.

வந்த விளைவு

உடைத்தால் நடுவும் ஓரமும் ஒரே சத்தம். கொழுப்புக் கணக்கு முப்பது சதவீதத்தைச் சற்றே தாண்டியதோடு நின்றது, கையில் பிசுக்கு குறைவு. கிண்ணத்தின் அடியில் இந்தத் தடவை ஆரிகானோ துணுக்குகளும் சீஸ் தூளும் கொஞ்சம் இருந்தன, நறநறக்கும் உப்புப் படிவு இல்லை. உடைந்த துண்டுகள் மட்டும் பிசுபிசுத்தன. உடைந்த விளிம்பில் அடுக்குகள் திறந்து கிடப்பதால் அவை கூடுதலாகக் குடித்துவிடுகின்றன. அடுத்த தடவை எண்ணெய் ஊற்றுமுன் உடைசலைப் பொறுக்கி எடுத்துவிடவேண்டும். அப்போது எண்ணெயை அரைக் கப்புக்குக் குறைத்தாலும் போதும் என்று நினைக்கிறேன். அண்ணி ஒத்துக்கொள்ளவில்லை.

வைத்துச் சாப்பிட இரண்டு வாரம் தாராளம், இருட்டான அலமாரியில் காற்றுப்புகாத டப்பாவில். கண்ணாடி ஜாடியில் போட்டு ஜன்னலோரம் அழகுக்கு வைப்பது நல்லதல்ல. எண்ணெய் மெல்லிய படலமாகப் பரவியிருப்பதால் வெளிச்சமும் காற்றும் அதைச் சீக்கிரம் பிடித்துக்கொள்ளும், சிக்கு வாடை முந்திவிடும். சென்னையிலோ யாழ்ப்பாணத்திலோ செய்பவர்கள் ஒன்றை மாற்றிக்கொள்ளவேண்டும். அங்கே காற்றும் குற்றவாளிதான். ஆறியவுடனே அடைத்துவிட வேண்டும், கிண்ணத்தில் கொட்டி மணிக்கணக்கில் வைக்க முடியாது. நம்மூர் உப்பு பிஸ்கட்டில் கொழுப்பு ஏற்கெனவே கூடுதல், ஆகவே எண்ணெயைப் பாதியாகக் குறைத்து ஆரம்பியுங்கள்.

பேசில் மட்டும் தீராத வழக்காக நின்றது. அந்த வாசனை இல்லாமல் இத்தாலியன் என்று எப்படிச் சொல்வது என்று அண்ணி விடவில்லை. கடைசியில் மீந்த பச்சை இலையை உப்போடு இடித்து, கிரீம் சீஸில் கலந்து, தொட்டுக்கொள்ளத் தனிக் கிண்ணத்தில் வைத்தார். தண்ணீர் இருக்கட்டும், அதன் இடத்தில் இருக்கட்டும். ஆட்டத்தின் இரண்டாம் பாதி தொடங்குவதற்குள் அந்தக் கிண்ணம் காலி, கிராக்கரில் இன்னும் கால் தட்டு மிச்சம் இருந்தது.